ஓட்ஸ் பார் ஏன் உதிர்கிறது, ஏன் கல்லாகிறது?

உங்கள் கேள்வியை முதலில் சுருக்கிச் சொல்லிவிடுகிறேன். ஓட்ஸ், பேரீச்சை, உலர் திராட்சை, பாதாம் ஆகியவற்றைக் கொண்டு சர்க்கரையும் வெண்ணெயும் இல்லாமல் வீட்டில் பார் சுடுகிறீர்கள். துண்டு போடும்போது பொலபொலவென்று உதிர்ந்துவிடுகிறது. தேனைக் கூட்டிப் பார்த்தால் மறுநாள் பல் பதியாத அளவுக்கு இறுகிவிடுகிறது. டப்பாவில் போட்டு மூடினால் இரண்டாம் நாள் பிசுபிசுக்கிறது. எட்டு வயது மகளுக்குப் பள்ளி இடைவேளையில் தின்னக் கொடுக்க வேண்டும். சர்க்கரை நோய் உள்ள மாமனாருக்கு மாலைத் தேநீரோடு கொடுக்க வேண்டும். இவ்வளவு பாடுபடுவதற்குக் கடையில் வாங்குவதைவிட இது உண்மையிலேயே நல்லதா என்றும் கேட்டிருக்கிறீர்கள்.

பொருள்களில் குற்றமில்லை. உதிர்வது, இறுகுவது, பிசுபிசுப்பது மூன்றுக்கும் வேர் ஒன்றுதான். சர்க்கரையை இனிப்புக்காகவும் வெண்ணெயை ருசிக்காகவும் சேர்க்கிறார்கள் என்று எண்ணி இரண்டையும் நீக்கிவிட்டீர்கள். பாரில் அவற்றின் முதல் வேலை ஒட்டவைப்பது. பசையை எடுத்துவிட்டால் அந்த வேலைக்கு வேறொருவரை அமர்த்த வேண்டும். அமர்த்தியவருக்கு எவ்வளவு ஈரம் தேவை என்றும் தெரிந்திருக்க வேண்டும். இந்தப் பதில் முழுவதும் பசையையும் ஈரத்தையும் பற்றியதுதான்.

இங்கிலாந்தில் ஃபிளாப்ஜாக் என்றொரு பண்டம் உண்டு. ஓட்ஸ், வெண்ணெய், பழுப்புச் சர்க்கரை, கோல்டன் சிரப், அவ்வளவுதான். இன்றைய ஓட்ஸ் பார்களுக்கு அதை மூத்த அக்கா என்று சொல்லலாம். கோல்டன் சிரப் 1880களில் லண்டனில் ஆப்ரம் லைலின் சர்க்கரை ஆலையில் பிறந்த பாகு. அதிலுள்ள சர்க்கரையில் ஒரு பங்கு குளுக்கோஸாகவும் ஃபிரக்டோஸாகவும் பிரிந்திருப்பதால் ஆறிய பிறகும் அது படிகம் கட்டுவதில்லை. ஃபிளாப்ஜாக் மறுநாளும் மெல்லத்தக்கதாக இருப்பதன் இரகசியம் அந்தப் பாகில் இருக்கிறது. இதற்கு நேர் எதிர் முனையில் நம் கடலை மிட்டாய் நிற்கிறது. 2020இல் புவிசார் குறியீடு பெற்ற கோவில்பட்டிக் கடலை மிட்டாயில் வெல்லப் பாகை நன்றாக முற்றவிட்டு, நீரை ஏறக்குறைய முழுதும் விரட்டிவிடுகிறார்கள். கடித்தால் 'படக்' என்று ஒடிய வேண்டும். அதற்காகத்தான் அந்தப் பதம். நீங்கள் செய்ய விரும்பும் பார் இந்த இரண்டுக்கும் நடுவே இருக்கிறது. உடையவும் கூடாது, ஒழுகவும் கூடாது. அதனால்தான் அது பார்ப்பதற்கு எளிதாகவும் செய்வதற்குக் கொஞ்சம் கடினமாகவும் இருக்கிறது.

உதிர்வதிலிருந்து தொடங்குவோம். கான்கிரீட் போடுவதைப் பார்த்திருப்பீர்கள். வெறும் சல்லியில் சிமெண்ட் பாலை ஊற்றினால் நிற்காது. இடையில் இருக்கும் சந்துகளை மணல் அடைக்க வேண்டும். பாரில் ஓட்ஸும் பாதாமும் சல்லி. மணல் எங்கே? பெரும்பாலானவர்கள் அதைச் சேர்ப்பதே இல்லை. மொத்த ஓட்ஸில் கால் பங்கை எடுத்து மிக்ஸியில் இரண்டு சுற்று சுற்றி, ரவையும் மாவும் கலந்த பதத்தில் எடுத்துக்கொள்ளுங்கள். இந்த ஒரு மாற்றமே உங்கள் உதிரலில் பாதியைக் குறைத்துவிடும். பாதாமை முழுதாகப் போடுவதையும் நிறுத்துங்கள். கத்தி ஒரு முழு பாதாமில் மோதும்போது அதைச் சுற்றியிருக்கும் ஓட்ஸ் எல்லாம் விட்டுப்போகிறது. உளுந்து அளவுக்குப் பொடியாக நறுக்க வேண்டியதில்லை, பட்டாணி அளவு போதும்.

எந்த ஓட்ஸ் என்பதும் முக்கியம். ஆவியில் வெந்து, உருளையில் நசுங்கி, தட்டையாக வரும் ரோல்டு ஓட்ஸ்தான் இதற்கு உரியது. இரண்டு நிமிடத்தில் வேகும் என்று விற்கப்படும் மெல்லிய ஓட்ஸ் ஈரத்தை உடனே உறிஞ்சிக் கூழாகிவிடும். அதில் செய்தால் பாருக்குப் பதில் ஒரு மாதிரியான கேக் கிடைக்கும். கையில் அதுதான் இருக்கிறதென்றால் அரைப்பதைத் தவிர்த்துவிட்டு அப்படியே பயன்படுத்துங்கள். உடைத்த ஓட்ஸ், அதாவது ஸ்டீல் கட், இங்கே வேண்டாம். அது கஞ்சிக்கு அருமையானது. பாரில் குறுணிக் கல்லாக நிற்கும். மசாலா கலந்த பொட்டலங்களைப் பற்றிச் சொல்லத் தேவையில்லை.

ஓட்ஸ் வாங்கும்போது ஒரு சிட்டிகை வாயில் போட்டு மென்று பாருங்கள். அரிசி, கோதுமையைவிட ஓட்ஸில் கொழுப்பு அதிகம். 100 கிராமில் 6 முதல் 7 கிராம் வரை இருக்கும். கொழுப்பைச் சிதைக்கும் நொதி ஒன்றும் அந்தத் தானியத்திலேயே இருக்கிறது. ஆலையில் ஓட்ஸை ஆவியில் வேகவைப்பதே அந்த நொதியை முடக்குவதற்காகத்தான். அப்படியும் பல மாதம் திறந்து கிடந்த பொட்டலத்தில் லேசான கசப்பும் சிக்கு வாடையும் வந்துவிடும். எவ்வளவு ஏலக்காய் போட்டாலும் அது மறையாது. வாதுமைக் கொட்டைக்கும் எள்ளுக்கும் இதே எச்சரிக்கைதான்.

இனி உலர்பழம். இங்கே கொஞ்சம் நின்று பேச விரும்புகிறேன். கடைகளில் உலர்பழம் என்ற பெயரில் விற்பவை எல்லாம் உலர்பழம் இல்லை. கண்ணைப் பறிக்கும் சிவப்பும் பச்சையுமான டூட்டி ஃப்ரூட்டி பப்பாளிக்காயைச் சர்க்கரைப் பாகில் ஊறவைத்துச் சாயம் ஏற்றியது. அது மிட்டாய். கிரான்பெரி இயல்பில் கடும் புளிப்பு. தாராளமாகச் சர்க்கரை ஏற்றாமல் அதை யாரும் தின்ன முடியாது. ஆகவே கடையில் கிடைக்கும் உலர் கிரான்பெரி பெரும்பாலும் இனிப்பூட்டியதுதான். சர்க்கரையைத் தவிர்க்கிறேன் என்று வெல்லத்தை அளந்து போட்டுவிட்டு, கூடவே ஒரு கைப்பிடி கிரான்பெரியைக் கொட்டுபவர்களை நிறையப் பார்த்திருக்கிறேன். பளிச்சென்ற ஆரஞ்சு நிறத்தில் இருக்கும் ஆப்ரிகாட், நிறம் மாறாமலிருக்கக் கந்தக டை ஆக்சைடு புகையேற்றியது. எல்லாருக்கும் அது கெடுதல் செய்வதில்லை. ஆனால் ஆஸ்துமா உள்ள சிலருக்கு மூச்சிழுப்பைத் தூண்டும். வீட்டில் அப்படி யாராவது இருந்தால் பழுப்பு நிறத்தில் சுருங்கிக் கிடக்கும் ஆப்ரிகாட்டைத் தேடி வாங்குங்கள். அழகு குறைவு, ருசி கூடுதல்.

என் விருப்பம் கருப்பு உலர் திராட்சையும் அத்திப்பழமும். அத்தியில் உள்ள சிறு விதைகள் பல்லில் நொறுநொறுக்கும். அந்த இன்பத்துக்காகவே அதைச் சேர்ப்பேன். இனிப்புக்கு நடுவே ஒரு புளிப்பு வேண்டும் என்றால் சர்க்கரை சேர்க்காத உலர் நெல்லிக்காயைப் பொடியாக நறுக்கி ஒரு மேசைக்கரண்டி போடலாம். அதிகம் போட்டால் துவர்க்கும்.

உதிர்வதற்கும் பிசுபிசுப்பதற்கும் உலர்பழத்தின் ஈரமும் ஒரு காரணம். உலர் திராட்சையில் ஏறக்குறைய ஏழில் ஒரு பங்கு நீர் உண்டு. பேரீச்சையில் ஐந்தில் ஒரு பங்கு. வறுத்த ஓட்ஸில் நீர் மிகக் குறைவு. பக்கத்தில் பக்கத்தில் வைத்தால் ஈரம் உள்ள இடத்திலிருந்து இல்லாத இடத்துக்கு நீர் நகரும். மிகவும் காய்ந்த திராட்சையாக இருந்தால் எதிர்த்திசையில், பாகில் இருக்கும் ஈரத்தைத் தானே இழுத்துக்கொண்டு, சுற்றியிருக்கும் ஓட்ஸை உதிரவிடும். இரண்டையும் தவிர்க்க, திராட்சையையும் அத்தியையும் வெந்நீரில் பத்து நிமிடம் ஊறவைத்து, வடித்து, துணியில் ஒற்றி எடுங்கள். உள்ளே ஈரம் இருக்க வேண்டும், வெளியே இருக்கக் கூடாது. ஊறிய பழம் அடுப்பில் கருகுவதும் குறைவு.

பசைக்கு வருவோம். நான் ஒரே பசையை நம்புவதில்லை. மூன்றைச் சேர்த்துப் பயன்படுத்துகிறேன். பேரீச்சை விழுது, பீனட் பட்டர், கொஞ்சம் வெல்லப் பாகு. பேரீச்சை விழுது நார்ச்சத்தோடு சேர்ந்த பசை. ஆனால் அது மட்டும் இருந்தால் பார் களி போல மென்மையாகிவிடும், ஒடியவே ஒடியாது. பீனட் பட்டரின் கொழுப்பு ஓட்ஸின் மேல் மெல்லிய படலமாகப் படிந்து, விழுதின் ஈரத்தை ஓட்ஸ் குடித்துவிடாமல் தடுக்கிறது.  வெல்லப் பாகு ஆறும்போது கெட்டியாகி உருவத்தை நிறுத்துகிறது. மூன்றும் ஒன்றின் குறையை மற்றொன்று தீர்க்கின்றன.

அளவுகள் 8 அங்குலச் சதுரத் தட்டுக்கு. ரோல்டு ஓட்ஸ் 200 கிராம். இதில் 50 கிராமைத்தான் மேலே சொன்னபடி உடைக்க வேண்டும். நறுக்கிய பாதாம், வேர்க்கடலை இரண்டும் சேர்த்து 80 கிராம். எள், பூசணி விதை, சூரியகாந்தி விதை எல்லாம் சேர்த்து 40 கிராம். கொட்டை நீக்கிய பேரீச்சை 150 கிராம், அதை ஊறவைத்து அரைக்க 60 மில்லி வெந்நீர். ஊறவைத்து நறுக்கிய திராட்சையும் அத்தியும் 100 கிராம், ஊறுவதற்கு முன் எடுத்த எடை. சர்க்கரை சேர்க்காத பீனட் பட்டர் 80 கிராம். வெல்லம் 40 கிராம், தேன் 20 கிராம். நெய் அல்லது தேங்காய் எண்ணெய் 40 கிராம். உப்பு கால் தேக்கரண்டி. அதை விட்டுவிடாதீர்கள், உப்பில்லாத ஓட்ஸ் அட்டையைப் போலச் சப்பென்று இருக்கும். மணத்துக்கு ஏலக்காயும் சுக்கும். கோப்பைக் கணக்கில் செய்பவர்கள் தயவுசெய்து ஒரு சமையல் தராசு வாங்குங்கள். ஒருவர் கோப்பையில் 80 கிராம் ஓட்ஸ் விழும், இன்னொருவர் கோப்பையில் 110 விழும். மற்ற எல்லாம் சரியாக இருந்தும் பார் உதிர்வதற்கு அது ஒன்றே போதும்.

பீனட் பட்டரை வீட்டிலேயே செய்யலாம். வறுத்துத் தோல் நீக்கிய வேர்க்கடலையை மிக்ஸியில் விட்டு விட்டுச் சுற்றுங்கள். முதலில் பொடியாகும், பிறகு உருண்டையாகத் திரளும், அங்கே நிறுத்திவிடாமல் இன்னும் சில சுற்று சுற்றினால் எண்ணெய் பிரிந்து விழுதாக இளகும். நடுவில் மிக்ஸிக்கு ஓய்வு கொடுங்கள்.

ஓட்ஸ், பாதாம், விதைகளை முதலில் வறுத்துக்கொள்வது என் பழக்கம். ஓவனில் 160 டிகிரி செல்சியஸில் பத்துப் பன்னிரண்டு நிமிடம் வைத்து, இடையில் ஒருமுறை கிளறிவிட வேண்டும். அடி கனமான வாணலியிலும் வறுக்கலாம். நிறம் மாறத் தேவையில்லை. பாதாம் மணம் எழுந்ததும் எடுத்துவிடுங்கள். இதைச் செய்யாவிட்டாலும் பார் வரும். ஆனால் வறுக்காத ஓட்ஸுக்கு ஈரமான காகிதத்தின் வாடை ஒன்று உண்டு. பச்சை மாவு நாக்கில் படுவது போல இருக்கும்.

வெல்லத்தில் இரண்டு மேசைக்கரண்டி நீர் விட்டுக் கரைத்து, மண் போக வடிகட்டி, நெய்யோடு அடுப்பில் வையுங்கள். இங்கேதான் பலரும் கை தவறுகிறார்கள். கடலை மிட்டாய், பொரி உருண்டை செய்த கை, தன்னையறியாமல் உருண்டைப் பதம் வரும்வரை காத்திருக்கும். அது வேண்டாம். கம்பிப் பதத்துக்கும் சற்று முன்னே, நுரை பெரிதாகிப் பாகு கரண்டியில் ஒட்டத் தொடங்கும்போதே இறக்கிவிடுங்கள். மீதிப் பதத்தை ஓவன் பார்த்துக்கொள்ளும். அடுப்பிலேயே உருண்டைப் பதம் வந்துவிட்டால், ஓவனில் அது மேலும் முற்றி, ஆறியதும் கடலை மிட்டாயின் இறுக்கம் வந்துவிடும். இறக்கிய பிறகு தேனையும் பீனட் பட்டரையும் பேரீச்சை விழுதையும் அதில் சேர்த்துக் குழைத்துக்கொள்ளுங்கள். தேன் இங்கே இனிப்புக்காக வரவில்லை. அதிலுள்ள குளுக்கோஸும் ஃபிரக்டோஸும் வெல்லத்தைப் படிகம் கட்டவிடாமல் தடுக்கின்றன; கோல்டன் சிரப் செய்யும் வேலையை இந்த 20 கிராம் தேன் செய்கிறது.

தேனைக் கூட்டியபோது உங்கள் பார் கல்லானதற்கும் காரணம் இப்போது புரிந்திருக்கும். தேனில் ஆறில் ஒரு பங்குக்குச் சற்றுக் கூடுதலாக நீர் இருக்கிறது. அதைக் கூட்டியதும் கலவை தளர்ந்திருக்கும். வேகவில்லை என்று நினைத்துக் கூடுதல் நேரம் ஓவனில் வைத்திருப்பீர்கள். நீர் எல்லாம் ஆவியாகி, மிஞ்சிய சர்க்கரை ஆறும்போது மிட்டாயாக இறுகியது. சூடான பாகு எப்போதும் இளகித்தான் இருக்கும். ஓவனுக்குள் விரலால் தொட்டு 'இன்னும் மெத்தென்று இருக்கிறதே' என்று முடிவெடுத்தால் நூற்றுக்கு நூறு முறை தவறாகத்தான் போகும். பார் ஓவனில் வெந்து முடிவதில்லை, மேசையில் ஆறும்போதுதான் முடிகிறது.

ஓவனை 160 டிகிரியில் முன்கூட்டியே சூடாக்குங்கள். காற்றாடி ஓடும் வகையென்றால் 150. கேக் சுடும் 180 டிகிரி இதற்கு அதிகம். மேலே தலை காட்டும் திராட்சைகள் உப்பி, கருகி, கசக்கும். வீட்டு ஓடிஜிக்களில், அதாவது சிறு மின் ஓவன்களில், முள் காட்டும் சூடும் உள்ளே இருக்கும் சூடும் ஒன்றாக இருப்பது அரிது. சில நூறு ரூபாய்க்கு ஓவன் வெப்பமானி ஒன்று கிடைக்கும். வாங்கி உள்ளே தொங்கவிட்டுப் பாருங்கள். என் பழைய ஓடிஜி எல்லா நேரமும் 20 டிகிரி கூடுதலாக ஓடியது. அதைக் கண்டுபிடிக்கும்வரை ஓராண்டு செய்முறைகளையே குறை சொல்லிக்கொண்டிருந்தேன்.

தட்டில் பேக்கிங் பேப்பரை இரு பக்கமும் வெளியே நீளும்படி போடுங்கள், பிறகு தூக்குவதற்கு அதுதான் கைப்பிடி. வறுத்தவற்றையும் நறுக்கிய பழத்தையும் பாகோடு நன்றாகக் கலந்து, கலவை வெதுவெதுப்பாக இருக்கும்போதே கொட்டிப் பரப்பி, அதன் மேல் இன்னொரு தாளைப் போட்டு, அடி தட்டையான ஒரு டபராவால் அழுத்துங்கள். அழுத்துவது என்றால் தடவிக்கொடுப்பதில்லை. உடம்பின் எடையைத் தோளிலிருந்து இறக்கி, மூலைகளையும் விளிம்புகளையும் விடாமல், இரண்டு மூன்று சுற்று. ஏறக்குறைய 2 சென்டிமீட்டர் கனத்துக்கு வர வேண்டும். இந்த இரண்டு நிமிட உழைப்பைத் தவிர்த்தால், மேலே சொன்ன பசையும் மணலும் எதுவும் உதவாது. காற்று இருக்கும் இடத்தில் எதுவும் ஒட்டாது.

நடுத்தட்டில் 25 நிமிடம். விளிம்பு பொன்னிறமாகி, நடுப்பகுதி இன்னும் வெளிர் நிறத்தில், தொட்டால் அமுங்கும்படி இருக்கும்போதே எடுத்துவிடுங்கள். வெளியே எடுத்ததும் டபராவால் இன்னொரு முறை லேசாக அழுத்துங்கள். சூட்டில் எழும்பிய நீராவி உண்டாக்கிய சந்துகள் மூடிக்கொள்ளும். பிறகு தொடாதீர்கள். தட்டிலேயே குறைந்தது இரண்டு மணி நேரம் முழுதாக ஆற வேண்டும். அதன் பின் அரை மணி நேரம் குளிர்பதனப் பெட்டியில். அப்போது எடுத்து, நீளமான கனத்த கத்தியால் மேலிருந்து ஒரே அழுத்தாக வெட்டுங்கள், ரம்பம் போல அறுக்கக் கூடாது. இரண்டு வரிசையாக எட்டு எட்டு, மொத்தம் 16 பார் வரும். வீடெங்கும் மணம் பரவும்போது குழந்தை பக்கத்தில் வந்து நிற்கும், கை பரபரக்கும். அதற்காக ஓர் ஓரத்தை மட்டும் உதிர்த்துக் கொடுத்துவிட்டு மற்றதைக் காப்பாற்றிக்கொள்ளுங்கள்.

ஓவனே இல்லாதவர்களுக்கும் ஒரு வழி உண்டு. எல்லாவற்றையும் வாணலியில் நன்றாக வறுத்துவிட்டு, பாகை மட்டும் இன்னும் சற்று முற்றவிட்டு, தண்ணீரில் விட்டால் மெத்தென்று திரளும் பதத்தில் கலந்து அழுத்தி ஆறவிடலாம். சுட்ட மணம் இருக்காது, உருவம் நிற்கும். குக்கரில் மணல் போட்டுச் சுடுவதை இதற்கு நான் பரிந்துரைக்க மாட்டேன். ஈரம் உள்ளேயே சுற்றும். பாரிலிருந்து ஈரம் போக வேண்டியிருக்கிறது.

பழத்தின் ஈரம் தவிர, பிசுபிசுப்பு இன்னும் இரண்டு காரணங்களால் வரும். வெதுவெதுப்பாக இருக்கும்போதே டப்பாவில் மூடியிருப்பீர்கள். மூடியில் கோத்த நீர் திரும்பப் பாரில் சொட்டியிருக்கும். இரண்டாவது காரணம் காற்று. தேனும் வெல்லமும் காற்றிலுள்ள ஈரத்தை இழுப்பவை. சென்னை, தூத்துக்குடி, யாழ்ப்பாணம் போன்ற கடலோர ஊர்களில் மழைக்காலத்தில் திறந்து வைத்த வெல்லக்கட்டியே கசியும் என்றால் பாரைச் சொல்லவா வேண்டும்? ஒவ்வொன்றையும் தனித்தனியே பேக்கிங் பேப்பரில் சுற்றி, காற்றுப் புகாத டப்பாவில் வையுங்கள். வெளியே நான்கைந்து நாள், குளிர்பதனப் பெட்டியில் இரண்டு வாரம், உறைபெட்டியில் மூன்று மாதம் வரை நன்றாக இருக்கும். உறைபெட்டியிலிருந்து காலையில் எடுத்து மகளின் பையில் வைத்தால் இடைவேளைக்குள் சரியான பதத்துக்கு வந்துவிடும். நான் எப்போதும் இரண்டு தட்டு சுட்டு ஒன்றை உறையவைத்துவிடுகிறேன்.

இப்போது உங்கள் கடைசிக் கேள்வி. இது கடையில் வாங்குவதைவிட நல்லதா?

பெரும்பாலும் ஆம். ஆனால் 'சர்க்கரை இல்லாதது' என்று மட்டும் சொல்லாதீர்கள். மேலே தந்த அளவில் ஒரு பாருக்குச் சுமார் 200 கலோரி. இனிப்பு எல்லாம் சேர்த்து 13 கிராமுக்கு அருகில் வரும், மூன்று தேக்கரண்டிச் சர்க்கரைக்குச் சமம். அதில் முக்கால் பங்கு பழத்திலிருந்து வருகிறது, நாரும் கூடவே வருகிறது என்பது உண்மைதான். முழுதாக உலர்த்திய பழத்தின் இனிப்பைச் சேர்த்த சர்க்கரையோடு ஒன்றாக எண்ணுவதில்லை. வெல்லத்தையும் தேனையும் உலக சுகாதார நிறுவனம் சர்க்கரைக் கணக்கில்தான் வைத்திருக்கிறது. பிரிட்டனின் கணக்கு இன்னும் கறாரானது: பழத்தை அரைத்து விழுதாக்கினால் அதன் இனிப்பையும் அங்கே சர்க்கரை என்றே எண்ணுகிறார்கள். செல் சுவர்கள் உடைந்து இனிப்பு வெளியே வந்துவிடுகிறது என்பது அதற்கான காரணம். ஆகவே பேரீச்சை விழுதை எவ்வளவு வேண்டுமானாலும் போடலாம் என்ற எண்ணத்தை விட்டுவிடுங்கள்.

ஓட்ஸின் பெருமையையும் அளவோடு பேச வேண்டும். அதிலுள்ள பீட்டா குளுக்கான் என்ற கரையும் நார், கெட்ட கொலஸ்ட்ராலைக் குறைக்க உதவுகிறது. நாளொன்றுக்கு 3 கிராம் என்ற அளவைக் குறிப்பிட்டு, உணவுப் பொட்டலங்களில் அதைச் சொல்லிக்கொள்ள அமெரிக்க உணவு மருந்து நிர்வாகம் 1997இல் அனுமதித்தது. 100 கிராம் ஓட்ஸில் அந்த நார் ஏறக்குறைய 4 கிராம். உங்கள் ஒரு பாரில் இருக்கும் ஓட்ஸோ 12 கிராம்தான். அதில் அரை கிராம் நார் கிடைக்கும். 3 கிராம் வேண்டும் என்று ஆறு பார் தின்றால் 1200 கலோரி உள்ளே போகும். கொலஸ்ட்ராலுக்காக ஓட்ஸ் என்றால் காலையில் கஞ்சியாகக் குடியுங்கள். பாரின் நன்மை வேறு. பசியெடுக்கும் நேரத்தில் கிரீம் பிஸ்கட்டுக்கும் சிப்ஸுக்கும் பதிலாகக் கையில் கிடைக்கும், நாரும் நல்ல கொழுப்பும் புரதமும் உள்ள ஒரு தின்பண்டம். அதுவே போதுமான நன்மை என்று நான் மனதார நம்புகிறேன்.

கடையில் வாங்கும்போது முன்பக்கத்தை விட்டுவிட்டுப் பின்பக்கத்தைப் படியுங்கள். சேர்மானங்களை எடை அதிகமானது முதலாக வரிசைப்படுத்தி அச்சிட வேண்டும் என்பது விதி. குளுக்கோஸ் சிரப், இன்வர்ட் சிரப், அரிசிச் சிரப், பேரீச்சைச் சிரப், தேன் என்று இனிப்பை நான்கைந்து பெயர்களில் பிரித்துப் போட்டால் ஒவ்வொன்றும் பட்டியலில் கீழே இறங்கிவிடும். ஓட்ஸ் முதலிடத்தில் தெரியும். எல்லாவற்றையும் மனதுக்குள் கூட்டிப் பாருங்கள்.

மகளுக்கு ஒரு முழு பார் அதிகம். பாதி போதும், கூட ஒரு வாழைப்பழமோ கொய்யாவோ வையுங்கள். உலர்பழம் பல்லில் அப்பிக்கொள்ளும், பார் தின்றதும் வாய் கொப்பளிக்கச் சொல்லிக் கொடுங்கள். வகுப்பில் யாருக்காவது வேர்க்கடலை ஒவ்வாமை இருக்கிறதா என்று பள்ளியில் ஒரு வார்த்தை கேட்டுவிடுங்கள். இருந்தால் பீனட் பட்டருக்குப் பதில் எள்ளை அரைத்துச் சேர்க்கலாம், ஆனால் எள்ளும் சிலருக்கு ஒவ்வாது என்பதால் அதையும் கேட்டுக்கொள்ளுங்கள். வீட்டில் ஐந்து வயதுக்குக் குறைந்த குழந்தை இருந்தால் கொட்டைகளை அரைத்துத்தான் போட வேண்டும், புரையேறும் ஆபத்து உண்டு. ஒரு வயது நிரம்பாத குழந்தைக்குத் தேன் கலந்த எதையும் கொடுக்கவே கூடாது.

மாமனாருக்கு இந்தப் பாரைக் கொடுக்க வேண்டாம். அவருக்குத் தனியாக ஒரு தட்டு செய்யுங்கள். ஓட்ஸ் 180 கிராம், பாதாமும் அக்ரூட்டும் வேர்க்கடலையுமாக 150 கிராம், விதைகள் 60 கிராம், பீனட் பட்டர் 80 கிராம், பேரீச்சை 60 கிராம் மட்டும். வெல்லமும் தேனும் திராட்சையும் கிடையாது. பசை குறைகிறதே என்றால், இரண்டு முட்டையின் வெள்ளைக்கருவை லேசாக அடித்துச் சேருங்கள். சூட்டில் அது உறைந்து எல்லாவற்றையும் பிடித்துக்கொள்ளும், மொறுமொறுப்பும் கொடுக்கும். முட்டை சேராத வீடென்றால் ஆளிவிதைப் பொடி இரண்டு மேசைக்கரண்டியை ஆறு மேசைக்கரண்டி நீரில் பதினைந்து நிமிடம் ஊறவிடுங்கள். கொழகொழவென்று திரண்டு வரும், பிடிப்பு முட்டையளவு இருக்காது என்றாலும் வெட்ட நிற்கும். இதில் ஒரு பாருக்கு இனிப்பு மூன்று கிராம் அளவுக்குத்தான் வரும். ஆனால் ஓட்ஸின் மாவுச்சத்து இருக்கத்தான் செய்கிறது, ஆகவே தேநீரோடு வழக்கமாகத் தின்னும் பிஸ்கட்டுக்குப் பதிலாகக் கொடுங்கள், அதற்கு மேல் கூடுதலாக வேண்டாம். முதல் இரண்டு மூன்று நாள் தின்ற இரண்டு மணி நேரம் கழித்துச் சர்க்கரையைச் சோதித்துப் பார்த்து, அந்த எண்களை அவருடைய மருத்துவரிடம் காட்டிவிடுங்கள்.

இரண்டு வகையும் நிறத்தில் ஒன்று போலவே இருக்கும், டப்பா மாறிவிடும். மகளுடையதை நீளமாகவும் அவருடையதைச் சதுரமாகவும் வெட்டிவையுங்கள்.